ஓடு உரிவது நோயா? நீராமை வளர்ப்போரின் கேள்விகளும் பதில்களும்

தொட்டியில் வளர்க்கும் நீராமைகளின் ஓடு பற்றி வாசகர்கள் கேட்டிருந்த கேள்விகளுக்கு இந்த இதழில் பதில் அளிக்கிறேன். எழுதியவர்களில் பெரும்பாலோர் வளர்ப்பது கண்ணுக்குப் பின்னால் சிவப்புப் பட்டை கொண்ட சிவப்புக்காது ஆமை. ஆகவே, வெப்பநிலை முதலிய அளவுகளை அந்த இனத்துக்கு ஏற்பவே குறிப்பிட்டிருக்கிறேன். தோல் போர்த்த மென்மையான ஓடுடைய ஆமைகளுக்குத் தகடுகளே கிடையா என்பதால், தகடு பற்றிய பதில்கள் அவற்றுக்குப் பொருந்தா.

கேள்வி: சில நாட்களாக எங்கள் ஆமையின் முதுகிலிருந்து ஒளி ஊடுருவும் மெல்லிய துண்டுகள் உரிந்து தண்ணீரில் மிதக்கின்றன. இரண்டு இடங்களில் பாதி உரிந்து தொங்குகிறது. இது நோயா? கையால் உரித்து எடுத்துவிடலாமா?

பதில்: நீங்கள் சொல்வதை வைத்துப் பார்த்தால் இது நோயன்று. ஆனால் உரித்து எடுக்கக் கூடாது.

ஆமையின் ஓடு இரண்டு அடுக்குகளால் ஆனது. உள்ளே இருப்பது எலும்பு. முதுகெலும்பும் விலா எலும்புகளும் அதனோடு ஒன்றாக இணைந்திருக்கின்றன. அந்த எலும்பின் மேல் உயிருள்ள மெல்லிய தோல் படிந்திருக்கிறது. அந்தத் தோல்தான் வெளியே நாம் காணும் தகடுகளை உருவாக்குகிறது. தகடுகள் நம் நகத்திலும் முடியிலும் உள்ள கெரட்டின் என்னும் புரதத்தால் ஆனவை. ஓட்டுக்குள் இரத்த ஓட்டமும் நரம்புகளும் உண்டு என்பதால், ஓட்டை மெதுவாகத் தொட்டாலும் ஆமை அதை உணரும். ஆமை வளரும்போது பழைய தகட்டின் அடியில் சற்றே பெரிய புதிய தகடு உருவாகிறது. பழையது காய்ந்து, விளிம்பு மேலெழுந்து, கழன்று விழுகிறது. நில ஆமைகள் பழைய தகடுகளை உதிர்க்காமல் அடுக்கடுக்காகச் சேர்த்துக்கொள்கின்றன. சிவப்புக்காது ஆமை போன்ற குளத்து ஆமைகள் உதிர்த்துவிடுகின்றன.

உதிர்ந்த துண்டு ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். ஒரு தகட்டின் முழு வடிவமும் அதில் இருக்க வேண்டும். மறுபக்கம் உள்ள விரல் மங்கலாகத் தெரியும் அளவுக்கு அது மெல்லியதாக இருக்க வேண்டும். கெட்ட வாடை இருக்கக் கூடாது. பிறகு அது விழுந்த இடத்தைப் பாருங்கள். அங்கே ஓடு கெட்டியாகவும் வழவழப்பாகவும், சுற்றியுள்ள இடத்தைவிடத் தெளிவான நிறத்தோடும் இருந்தால் எல்லாம் சரியாக நடக்கிறது என்று பொருள். மாறாக, விழுந்த துண்டு தடித்து வெள்ளைப் பொருக்கோடு இருந்தாலோ, அதன் அடியில் ஈரமான மென்மையான புண் தெரிந்தாலோ, இரத்தம் கசிந்தாலோ அது இயல்பான உரிதல் அன்று. மருத்துவரிடம் காட்ட வேண்டும்.

பாதி தொங்கும் தகட்டைப் பிய்க்கும் ஆசை எல்லோருக்கும் வருவதுதான். ஆனால் இன்னும் ஒட்டியிருக்கும் பகுதியின் அடியில் உயிருள்ள தோல் இருக்கிறது. அதைக் கிழித்துவிட்டால், அழுக்கு நீரில் உள்ள கிருமிகளுக்கு எலும்பு வரை செல்லும் வழியை நாமே திறந்துவிட்டவர்களாவோம். அது தானாக விழும் வரை விட்டுவிடுங்கள்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். சில ஆமைகளுக்குத் தகடு உரியாமல் ஒன்றின் மேல் ஒன்றாகத் தங்கி, ஓடு மங்கித் தடித்துப் போகும். ஆமை தண்ணீரை விட்டு முழுவதும் வெளியேறி, அடிவயிறு வரை உலர்ந்து கிடக்க இடமில்லாததே இதற்கு மிகுதியான காரணம். பாதி உடல் நீருக்குள் இருக்கும்படி அமைத்த மேடை மேடையே அன்று. அதற்கு நேர்மாறாக, ஆண்டு முழுவதும் ஓயாமல் தகடு உரிந்துகொண்டே இருந்தால், உணவு அளவு கடந்திருக்கிறதா, நீர் தேவைக்கு மேல் சூடாக இருக்கிறதா, நீரில் அம்மோனியா சேர்ந்திருக்கிறதா என்று பாருங்கள்.

கேள்வி: தொட்டியை ஜன்னல் ஓரத்தில் வைத்திருக்கிறோம். காலை வெயில் நேராக விழுகிறது. அப்படியும் தனியாக விளக்கு வேண்டும் என்கிறார்களே, அவசியமா?

பதில்: ஜன்னலில் கண்ணாடி இருக்குமானால், விளக்கு அவசியம். ஓட்டின் எலும்பு உறுதிப்பட வேண்டுமானால் உணவில் உள்ள கால்சியம் குடலில் உறிஞ்சப்பட வேண்டும். அதற்கு வைட்டமின் டி3 தேவை. ஆமையின் தோலில் 280 முதல் 315 நானோமீட்டர் வரை அலைநீளமுள்ள புற ஊதா ‘பி’ கதிர்கள் படும்போது அந்த வைட்டமினின் முன்வடிவம் உண்டாகி, உடல் வெப்பத்தால் டி3 ஆக மாறுகிறது; பின்னர் கல்லீரலும் சிறுநீரகமும் அதைச் செயல்படும் நிலைக்குக் கொண்டுவருகின்றன. சாதாரண ஜன்னல் கண்ணாடி வெளிச்சத்தையும் வெப்பத்தையும் உள்ளே விடும். புற ஊதா ‘பி’ கதிர்களை ஏறக்குறைய முழுவதுமாகத் தடுத்துவிடும். எனவே உங்கள் ஆமைக்குக் கிடைப்பது வெளிச்சமும் சூடும் மட்டுமே. அந்தச் சூடும் ஆபத்தானதுதான்: நேர் வெயிலில் நிற்கும் கண்ணாடித் தொட்டியின் நீர் சிறிது நேரத்திலேயே உயிருக்கு ஆபத்தான அளவுக்குச் சூடாகிவிடலாம். தொட்டியை அங்கிருந்து நகர்த்திவிடுங்கள்.

விளக்கு வாங்கும்போது பலர் ஏமாறும் இடம் ஒன்று உண்டு. வெப்பம் தரும் விளக்கு வேறு, புற ஊதா ‘பி’ தரும் விளக்கு வேறு. இரண்டையும் தரும் பாதரச ஆவி விளக்குகளும் கிடைக்கின்றன. ஊதா நிறத்தில் ஒளிர்கிறது என்பதாலேயே ஒரு விளக்கு புற ஊதாக் கதிர் தருவதாக எண்ணிவிட வேண்டாம், உறையில் ‘யூ.வி.பி.’ என்று எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். எவ்வளவு உயரத்தில் பொருத்த வேண்டும் என்பது விளக்குக்கு விளக்கு மாறுபடும் என்பதால், தயாரிப்பாளர் குறிப்பிடும் தூரத்தையே பின்பற்ற வேண்டும். நடுவில் கண்ணாடி மூடியோ பிளாஸ்டிக் மூடியோ இருக்கக் கூடாது. நெருக்கமான கம்பி வலையும் கதிர்களில் ஒரு பகுதியைக் குறைத்துவிடும். குழல் வடிவ யூ.வி.பி. விளக்குகள் பழையபடி பிரகாசமாக எரிந்துகொண்டிருக்கும்போதே அவற்றின் புற ஊதாக் கதிர் குறைந்துகொண்டு வரும். எரிகிறதே என்று விட்டுவிடாமல், வகையைப் பொறுத்து 6 முதல் 12 மாதங்களுக்கு ஒருமுறை மாற்ற வேண்டும்.

மேடையின் மீது, ஆமையின் முதுகு இருக்கும் உயரத்தில், 30 முதல் 35 டிகிரி செல்சியஸ் வெப்பம் இருக்கட்டும். நீர் 24 முதல் 28 டிகிரி வரை இருந்தால் போதும். நீரும் மேடையும் ஒரே சூட்டில் இருந்தால் ஆமைக்கு வெளியே ஏறிவரக் காரணமே இருக்காது. ‘எங்கள் ஆமை மேடைக்கே வருவதில்லை’ என்று எழுதியிருந்த மற்றொரு வாசகரும் முதலில் ஒரு வெப்பமானியை வைத்து இந்த வேறுபாட்டைச் சோதித்துப் பார்க்கலாம். விளக்குகள் நாளொன்றுக்கு 10 முதல் 12 மணி நேரம் எரிந்து, இரவில் அணைந்திருக்க வேண்டும்.

வெளியில் கொண்டுபோய் நேரடி வெயில் காட்ட முடிந்தால் எந்த விளக்கும் அதற்கு ஈடாகாது. ஆனால் ஆமை விரும்பியபோது ஒதுங்க நிழலும், இறங்க நீரும் அங்கே இருக்க வேண்டும்; பறவை, பூனை, நாய் ஆகியவை நெருங்காதபடி ஒருவர் பக்கத்திலேயே இருக்க வேண்டும்.

கேள்வி: ஒன்றரை வயதுக் குட்டியின் ஓட்டை விரலால் அழுத்தினால் லேசாக அமுங்குகிறது. உலர்ந்த இறால் மட்டும் கொடுக்கிறோம், ஆசையாகத் தின்கிறது. கால்சியம் சொட்டு மருந்தைத் தண்ணீரில் கலந்தால் சரியாகுமா?

பதில்: முட்டையிலிருந்து வந்து சில வாரங்களே ஆன குஞ்சின் ஓட்டில் சற்று நெகிழ்ச்சி இருப்பது இயல்பு. ஒன்றரை வயதில் அது இயல்பன்று. எலும்பில் சத்து குறையும் நோய் தொடங்கியிருக்கலாம் என்பதால் காலம் தாழ்த்தாமல், ஊர்வன உயிரினங்களுக்குச் சிகிச்சை அளித்துப் பழக்கமுள்ள கால்நடை மருத்துவரிடம் கொண்டுசெல்லுங்கள். ஊடுகதிர்ப் படமும் இரத்தப் பரிசோதனையும் நிலைமை எந்த அளவுக்குப் போயிருக்கிறது என்பதைக் காட்டும்.

இதயமும் தசைகளும் இயங்க இரத்தத்தில் கால்சியம் குறிப்பிட்ட அளவில் இருந்தே தீர வேண்டும். உணவின் மூலம் அது வராதபோது, உடல் தன் எலும்பிலிருந்தே எடுத்துக்கொள்கிறது. ஆமையின் எலும்பில் பெரும்பகுதி ஓடாகவே இருப்பதால் அந்த இழப்பு ஓட்டில் கண்ணுக்குத் தெரியும்படி வெளிப்படுகிறது: முதலில் மென்மை, பிறகு ஓட்டின் ஓரங்கள் மேல்நோக்கி வளைதல், அதன்பின் தாடை நெகிழ்ந்து கடிக்க முடியாமை, உடலைத் தூக்கி நடக்க முடியாமை, கால் நடுக்கம். வளைந்துவிட்ட ஓடு, நோய் குணமான பிறகும் பழைய வடிவத்துக்கு முழுமையாகத் திரும்புவதில்லை.

உலர்ந்த இறாலை ஆமை ஆசையாகத் தின்னும் என்பது உண்மைதான். ஆனால் அதை மட்டுமே உண்டு ஓர் ஆமை சரியாக வளர முடியாது. எலும்பில்லாத இறைச்சியின் நிலையும் இதுவே. அதில் பாஸ்பரஸ் மிகுதி, கால்சியம் மிகக் குறைவு. ஆமைக்கு வேண்டியது இதற்கு நேர்மாறு: பாஸ்பரஸ் ஒரு பங்கு என்றால் கால்சியம் ஒன்றரை முதல் இரண்டு பங்கு. நீராமைகளுக்கென்றே தயாரித்த தரமான குருணை உணவை அடிப்படையாக வைத்துக்கொண்டு, முள்ளோடு கூடிய சிறு மீன், மண்புழு, நீர்த்தாவரங்கள், கீரைகள் ஆகியவற்றை மாற்றி மாற்றிக் கொடுங்கள். பாலக் கீரையில் உள்ள ஆக்சலேட் கால்சியத்தைப் பிணைத்து உடலுக்குக் கிட்டாமல் செய்துவிடும் என்பதால் அதைத் தவிர்ப்பது நல்லது. கணவாய் ஓட்டின் ஒரு துண்டை, முதுகுப்புறத்தில் உள்ள கடினமான பகுதியை நீக்கிவிட்டு, தொட்டியில் மிதக்க விடலாம். தேவைப்படும்போது ஆமை கடித்துக்கொள்ளும். வளரும் குட்டிக்கு நாள்தோறும் உணவு தரலாம். வளர்ந்த ஆமைக்கு இரண்டு அல்லது மூன்று நாட்களுக்கு ஒருமுறை குருணை உணவு போதும், இலைகளை இடையிலும் தரலாம்.

தண்ணீரில் கலக்கும் சொட்டு மருந்தால் பயன் இல்லை. ஆமையின் வயிற்றுக்குள் எவ்வளவு போகிறது என்று யாராலும் சொல்ல முடியாது. வைட்டமின் டி3 மருந்தை நீங்களாகவே கொடுக்கவும் வேண்டாம். அளவு மீறினால் கால்சியம் சிறுநீரகத்திலும் இரத்தக் குழாய்களிலும் படிந்து வேறொரு நோயை உண்டாக்கும். இவை எல்லாவற்றோடும் முந்தைய பதிலில் சொன்ன விளக்கு இல்லையென்றால், எவ்வளவு கால்சியம் கொடுத்தாலும் அது உடலில் சேராமல் வெளியேறிவிடும்.

கேள்வி: ஆமையின் அடி ஓட்டில் வெள்ளைப் புள்ளிகள் தெரிகின்றன. அவற்றில் ஒன்று சற்றே குழிந்து, கெட்ட வாடை வீசுகிறது. தண்ணீரில் உப்புப் போட்டு ஊற வைத்தால் போதும் என்கிறார் நண்பர்.

பதில்: வெள்ளையாகத் தெரிவதெல்லாம் ஒன்றல்ல. ஆமையைத் துடைத்து உலர வைத்தபின் பாருங்கள். உலர்ந்ததும் சுண்ணாம்பு பூசியதுபோல் தெரிந்து, நனைந்ததும் மறைந்துவிடுவது பெரும்பாலும் கடின நீரின் உப்புப் படிவு, அதனால் தீங்கில்லை. தகட்டின் அடியில் வெள்ளி நிறத்தில் மினுமினுப்பது, உரியப்போகும் தகட்டுக்குள் புகுந்த காற்றாக இருக்கலாம். நீருக்குள் பஞ்சு இழைகளாக அசைவது பூஞ்சை. குழிவும், மென்மையும், சுரண்டினால் கையோடு வரும் பொருளும், கெட்ட வாடையும் சேர்ந்திருந்தால் அது ஓட்டழுகல். நீங்கள் எழுதியிருப்பது இந்தக் கடைசி வகையைச் சேர்ந்ததாகவே தோன்றுகிறது. வாடை வரத் தொடங்கிய பிறகு உப்பு நீரை நம்பி நாட்களைக் கடத்துவதை நான் ஏற்கமாட்டேன்.

கிருமி தகட்டைத் தாண்டி எலும்புக்கும், அங்கிருந்து இரத்தத்துக்கும் போகக்கூடும். அடி ஓடு முழுவதும் இளஞ்சிவப்பாக மாறியிருந்தாலோ, தகடுகளுக்கு அடியில் இரத்தக் கசிவு தெரிந்தாலோ, ஆமை உண்ணாமல் சோர்ந்து கிடந்தாலோ, நோய் இரத்தத்தில் கலந்துவிட்டதற்கான அறிகுறி அது. அன்றே மருத்துவரைப் பார்க்க வேண்டும். மருத்துவர் அழுகிய பகுதியைச் சுரண்டி நீக்கி, கிருமியைக் கண்டறிய மாதிரி எடுத்து, தேவையானால் ஊசி மூலம் மருந்து செலுத்துவார். வீட்டில் உங்கள் பங்கு, அவர் சொல்லும் அளவுக்கு நீர்த்த போவிடோன் அயோடின் அல்லது குளோர்ஹெக்சிடின் கரைசலால் புண்ணைத் துடைப்பதும், நாளின் பெரும்பகுதியில் ஆமையை உலர்ந்த, வெதுவெதுப்பான இடத்தில் வைத்திருப்பதும் ஆகும். அதற்காக நாள் முழுவதும் நீரே காட்டாமல் இருந்துவிடக் கூடாது. இந்த ஆமைகள் உணவை நீருக்குள் வைத்தே விழுங்குகின்றன. எனவே நாள்தோறும் சிறிது நேரம் சுத்தமான நீரில் விட்டு, உண்ணவும் குடிக்கவும் செய்ய வேண்டும்.

புண் ஆறினாலும் அது வந்த காரணம் தொட்டியில் அப்படியே இருந்தால் மீண்டும் வரும். ஓட்டழுகல் பெரும்பாலும் ஒரு கீறலில் தொடங்கி, அழுக்கு நீரில் வளர்கிறது. மேடையின் சொரசொரப்பான கல், கூர்மையான சரளை, உடன் வாழும் மற்றோர் ஆமையின் கடி ஆகிய மூன்றையும் பாருங்கள். ஏறும்போதும் இறங்கும்போதும் கல்லில் உரசித் தேய்வது அடி ஓடுதான், அதைத்தான் நாம் அடிக்கடி திருப்பிப் பார்ப்பதில்லை.

நீரைப் பொறுத்தவரை கண்ணால் பார்த்து முடிவு செய்ய முடியாது; தெளிவாகத் தெரியும் நீரிலும் அம்மோனியா இருக்கலாம். மீன் தொட்டிகளுக்கு விற்கும் சோதனைப் பெட்டியில் அம்மோனியாவும் நைட்ரைட்டும் பூஜ்யம் என்று காட்ட வேண்டும். ஆமை மீனைவிட மிகுதியாகக் கழிவு வெளியேற்றுவதால், தொட்டியின் கொள்ளளவைப்போல் இரண்டு மடங்கு கொள்ளளவுக்கென்று தயாரித்த ஃபில்டர் தேவைப்படும். வாரந்தோறும் நீரில் கால் பங்கிலிருந்து பாதி வரை மாற்றி, குளோரின் நீக்கிய நீரை நிரப்புங்கள். ஃபில்டரின் பஞ்சைக் குழாய் நீரில் கழுவினால், அம்மோனியாவைச் சிதைக்கும் நல்ல நுண்ணுயிர்கள் குளோரினால் அழிந்துவிடும். தொட்டியிலிருந்து எடுத்த நீரிலேயே அலசுங்கள். உணவைத் தனி வாளியில் கொடுத்துப் பழக்கினால் தொட்டி நீர் கெடுவது பெருமளவு குறையும்.

கேள்வி: முதுகில் பாசி படிகிறது. தேய்த்துக் கழுவி, பளபளப்புக்கு எண்ணெய் தடவலாமா?

பதில்: பாசியால் பொதுவாகத் தீங்கில்லை, தடித்துப் படிந்து, அடியில் உள்ள ஓட்டைப் பார்க்க முடியாமல் மறைக்கும்போது மட்டும் நீக்கினால் போதும். மென்மையான பல் துலக்கியைத் தண்ணீரில் நனைத்து, தகடுகள் சந்திக்கும் கோடுகளில் அழுத்தாமல் தேய்க்கலாம். சோப்பு வேண்டாம். அந்தத் துலக்கியை வேறெதற்கும் பயன்படுத்தக் கூடாது. சமையலறைத் தொட்டியில் வைத்துக் கழுவவும் கூடாது. நலமாகத் தோன்றும் ஆமையிடமும் சால்மோனெல்லா கிருமி இருக்கலாம். குழந்தைகளுக்கு அதனால் நோய் பரவியதையொட்டியே, 4 அங்குலத்துக்குக் குறைந்த ஓடுள்ள ஆமைகளை விற்பதற்கு அமெரிக்கா 1975இல் தடை விதித்தது. தேய்த்து முடித்தபின் கைகளைச் சோப்பிட்டுக் கழுவுங்கள்.

எண்ணெய் எந்த வகையாக இருந்தாலும் வேண்டாம். அது அழுக்கையும் கிருமியையும் ஓட்டில் பிடித்து வைக்கும். தொட்டி நீரின் மேல் படலமாகவும் மிதக்கும். நலமான ஓடு நனைந்திருக்கும்போது பளபளக்கும், உலர்ந்தால் மங்கலாகத்தான் இருக்கும்.

கேள்வி: அடையாளத்துக்காக ஓட்டில் நகப்பூச்சால் ஒரு குறி இடலாமா? ஓட்டின் வளையங்களை எண்ணினால் வயது தெரியுமா?

பதில்: பூச வேண்டாம். கரைப்பான்கள் கேடு செய்யக்கூடியவை. பூச்சு வெயிலை மறைக்கும். தகடு உரியும்போது குறியும் போய்விடும். அடி ஓட்டின் கோலம் ஆமைக்கு ஆமை வேறுபடுவதால், அதைப் புகைப்படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். வளையம் ஆண்டுக்கு ஒன்று என்பதற்கு உறுதி இல்லை. உணவும் வெப்பமும் மாறும்போதெல்லாம் வளர்ச்சி கூடிக் குறைந்து வளையங்கள் உண்டாகலாம், தகடு உரியும் இனங்களில் அவை மங்கியும் போகும்.

கேள்வி: குழந்தையின் கையிலிருந்து விழுந்து ஆமையின் ஓட்டில் நீளமான விரிசல். உள்ளே ஈரமாகத் தெரிகிறது. பசை போட்டு ஒட்டிவிடலாமா?

பதில்: கூடாது. விரிசல் என்பது எலும்பு முறிவு. உள்ளே ஈரம் தெரிவதால் அது திறந்த முறிவு. உடைந்த இடத்தில் நுழைந்த கிருமியை உள்ளே வைத்து மூடிவிட்டால் சீழ் உள்ளேயே பரவும். ஆமைகளுக்கு நுரையீரல் மேல் ஓட்டின் உட்புறத்தை ஒட்டியே இருப்பதால், முதுகில் விழும் ஆழமான விரிசல் நுரையீரலையும் தொட்டிருக்கக்கூடும். நீரில் விட வேண்டாம். இரத்தம் வந்தால் சுத்தமான துணியால் மெதுவாக அழுத்திப் பிடியுங்கள். உப்புநீர்க் கரைசலில் நனைத்த கிருமி நீக்கிய வலைத்துணியால் காயத்தை மூடி, உலர்ந்த துண்டு விரித்த, காற்றோட்டமுள்ள பெட்டியில் வைத்து, உடனே மருத்துவரிடம் கொண்டுசெல்லுங்கள். ஈ மொய்க்க விடாதீர்கள். திறந்த காயத்தில் சில மணி நேரத்திலேயே முட்டையிட்டுவிடும்.

மருத்துவர் காயத்தைக் கழுவி, கிருமி இல்லை என்று உறுதியான பின் உடைந்த துண்டுகளைக் கம்பி, உலோகத் தகடு போன்றவற்றால் இணைப்பார். ஆமையின் எலும்பு கூடுவதற்குப் பல மாதங்கள் ஆகும். பெரிய முறிவுக்கு ஓராண்டுக்கு மேலும் ஆகலாம். அந்தக் காலம் முழுவதும் முன்னர்ச் சொன்ன விளக்கும் வெப்பமும் உணவும் குறையாமல் கிடைக்க வேண்டும். காயம் மேலே மூடிவிட்டது என்று நீங்களாகவே ஆழமான நீரில் விட்டுவிடாமல், எப்போது, எவ்வளவு நேரம் நீந்தலாம் என்பதை மருத்துவரிடம் கேட்டே முடிவு செய்யுங்கள்.